'லெட்' என்றால் விடுவதா, தடுப்பதா? பழைய ஆங்கில வினைச்சொல் ஒன்றைப் பற்றி

#1 முதுகலை_வாசகி

அனைவருக்கும் வணக்கம். ஆங்கில இலக்கியம் முதுகலை படிக்கிறேன். ஹாம்லெட் நாடகத்தில் ஒரு வரி என்னை நகரவிடாமல் நிறுத்திவிட்டது.

முதல் அங்கம், நான்காம் காட்சி. இறந்துபோன அரசனின் ஆவி கையசைத்துக் கூப்பிடுகிறது. ஹாம்லெட் அதன் பின்னாலேயே போகத் துடிக்கிறான். கூட இருக்கும் ஹொரேஷியோவும் மார்செலஸும் அவனைப் பிடித்துக்கொள்கிறார்கள். அப்போது அவன் கத்துகிறான்: "அன்ஹேண்ட் மீ, ஜென்டில்மென். பை ஹெவன், ஐ'ல் மேக் எ கோஸ்ட் ஆஃப் ஹிம் தட் லெட்ஸ் மீ."

முதல் பாதி புரிகிறது. "கையை எடுங்கள்" என்கிறான். இரண்டாம் பாதியை நமக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் படித்தால் "என்னை விடுகிறவனைக் கொன்று ஆவியாக்குவேன்" என்றல்லவா வருகிறது? விடச் சொல்லிக்கொண்டே, விடுகிறவனைக் கொல்வேன் என்பானா? என்னிடம் இருக்கும் பதிப்பின் அடிக்குறிப்பில் 'லெட்ஸ்' என்பதற்குத் 'தடுக்கிறான்' என்று பொருள் போட்டிருக்கிறார்கள். அதற்கு மேல் ஒரு வார்த்தை விளக்கம் இல்லை.

ஒரே சொல்லுக்கு 'அனுமதி', 'தடு' என்று நேர் எதிரான இரண்டு பொருள் எப்படி வந்தது? ஷேக்ஸ்பியர் மட்டும் செய்த வேலையா, அன்று எல்லோரும் இப்படித்தான் எழுதினார்களா? வேறு எங்கே வருகிறது? வந்தால் அடிக்குறிப்பு இல்லாமலே கண்டுபிடிக்க வழி உண்டா?

#2 மரபுச்சொல்

நல்ல கேள்வி அம்மா. விடையின் சாரத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். அது ஒரே சொல் அல்ல, இரண்டு வினைச்சொற்கள். பழைய ஆங்கிலத்தில் அவை வேறு வேறு ஒலியோடு இருந்தன. பின்னாளில் ஒலி தேய்ந்து இரண்டும் 'லெட்' என்றே ஆகிவிட்டன. ஹாம்லெட் சொல்வது இப்போது வழக்கிழந்துவிட்ட 'லெட்'. விரிவாக இரவு எழுதுகிறேன்.

#3 கரிசல்காட்டான்

இதில் என்ன அதிசயம்? எல்லா மொழியிலும் இருப்பதுதான். தமிழில் 'விலக்கு' இல்லையா? மதுவிலக்கு என்றால் மது கூடாது என்று தடை. வரிவிலக்கு என்றால் வரி கட்ட வேண்டாம் என்று சலுகை. ஒரே சொல், எதிரெதிர்ப் பயன். 'லெட்'டும் அப்படித்தான் இருக்கும். இரண்டு சொல் என்று பிரிப்பதற்கு ஆதாரம் என்ன ஐயா?

#4 மரபுச்சொல்

கரிசல்காட்டான், ஆதாரம் கேட்டது சரி. சொல்கிறேன்.

பழைய ஆங்கிலத்தில், அதாவது நார்மன் படையெடுப்புக்கு (1066) முந்தைய ஆங்கிலத்தில், 'லேட்டன்' என்று ஒரு வினை இருந்தது. நெடில் உயிர், நடுவில் ஒற்றை டகர ஒலி. விட்டுவிடு, அனுமதி, விட்டுச்செல் என்று பொருள். இன்றைய 'லெட் மீ கோ'வில் இருப்பது இதுதான். 'லெட்டன்' என்று இன்னொரு வினையும் இருந்தது. குறில் உயிர், இரட்டித்த டகர ஒலி. தாமதப்படுத்து, தடு, மறி என்று பொருள். ஹாம்லெட் வாயில் வருவது இதன் வழித்தோன்றல்.

இந்த இரண்டாவது வினை ஒரு பெயரடையிலிருந்து பிறந்தது. அந்தப் பெயரடைதான் இன்றைய 'லேட்'. மெதுவான, பிந்திய என்பது அதன் பொருள். ஒருவரை 'லேட்' ஆக்குவது 'லெட்டன்'. 'லேட்டர்', 'லாஸ்ட்' எல்லாம் அந்தக் குடும்பம்தான். ஆகவே ஹாம்லெட்டின் 'லெட்' நம் 'லேட்'டுக்கு உடன்பிறப்பு. இதை மனதில் வைத்துக்கொண்டு அந்த வரியைப் படித்தால் 'என்னைத் தாமதிக்கச் செய்கிறவனை' என்று தானாக விளங்கிவிடும்.

பிறகு இடைக்கால ஆங்கிலத்தில் சொல்லின் கடைசி அசைகள் உதிர்ந்தன. முதல் வினையின் நெடில் குறுகியது. இரட்டித்த ஒலிக்கும் ஒற்றை ஒலிக்கும் இருந்த வேறுபாடு போயிற்று. இரண்டும் ஒரே எழுத்து, ஒரே ஒலி என்றாகிவிட்டன. பேச்சுத் தமிழில் 'அரை', 'அறை' இரண்டையும் பலர் ஒரே மாதிரி உச்சரிக்கிறோம். எழுத்தில் ரகரமும் றகரமும் நம்மைக் காப்பாற்றுகின்றன. ஆங்கிலத்துக்கு அந்தக் காவல் கிடைக்கவில்லை.

'விலக்கு' இதற்கு நேர்மாறான கதை. அங்கே சொல் ஒன்றுதான், 'அகற்று' என்று. மதுவை மக்களிடமிருந்து அகற்றினால் தடை, வரியிலிருந்து ஒருவரை அகற்றினால் சலுகை. ஒரு வேர் இரண்டு கிளையாகப் பிரிந்தது அது. 'லெட்' இரண்டு மரங்கள் நெருங்கி வளர்ந்து ஒரே தண்டுபோல் தெரிவது. ஆங்கிலத்திலேயே இதற்கு இன்னொரு சான்று 'க்ளீவ்'. பிளத்தல் என்றும் ஒட்டிக்கொள்ளுதல் என்றும் அதற்கு இரு பொருள். அவையும் பழைய ஆங்கிலத்தில் இரண்டு தனி வினைகள்.

#5 ரைன்_நதி

நான் யேர்மனியில் இருக்கிறன். மரபுச்சொல் ஐயா சொன்னதுக்கு இங்கத்தை மொழியிலேயே சாட்சி இருக்கு. ஆங்கிலத்தில் கலந்துபோன இரண்டும் டொச்சில் கலக்கவே இல்லை.

'லாஸன்' எண்டால் விடுதல், அனுமதித்தல். ஒரு நாளில் நூறு தரம் காதில விழும் சொல். மற்றது 'ஃபெர்லெட்ஸன்'. காயப்படுத்துதல், சட்டத்தை மீறுதல் எண்ட பொருளில் பத்திரிகையில் ஒவ்வொரு நாளும் வரும். அந்த 'லெட்ஸ்' பகுதிதான் ஆங்கிலத்தின் பழைய 'லெட்டன்' உடைய சகோதரம். முதலில் தடுத்தல், பிறகு இடையூறு செய்தல், பிறகு காயப்படுத்துதல் எண்டு பொருள் நகர்ந்திருக்கு.

டச்சு மொழியில் இன்னும் தெளிவு. 'லாட்டன்' விடுதல், 'பெலெட்டன்' தடுத்தல். பொருள்கூட மாறாமல் அப்படியே நிக்குது. இரண்டு சொல் எண்டதுக்கு இதைவிட என்ன வேணும்?

#6 கரிசல்காட்டான்

ரைன்_நதி, மரபுச்சொல் ஐயா, ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. 'விடுதல்', 'மெதுவான' இரண்டுமே ஒரே மாதிரி ஒலியில் தொடங்குகின்றன. இன்னும் பழைய காலத்துக்குப் போனால் இரண்டுக்கும் தொடர்பே இல்லையா?

#7 மரபுச்சொல்

நீங்கள் விடமாட்டீர்கள் என்று தெரியும். தொடர்பு உண்டு என்பதுதான் சொற்பிறப்பியல் அறிஞர்களின் பொதுவான கருத்து. ஆங்கிலம், டொச்சு எல்லாவற்றுக்கும் முன்னால், இந்தோ-ஐரோப்பிய வேர் ஒன்று, தளர்தல் என்ற பொருளில். பிடி தளர்ந்தால் விடுதல். நடை தளர்ந்தால் மெதுவாதல், அதிலிருந்து தாமதம், அதிலிருந்து தடை. ஒரு வயிற்றுப் பிள்ளைகள் பிரிந்து போய், எதிரெதிர்த் தொழில் பழகி, ஆயிரக்கணக்கான ஆண்டுகள் கழித்து இங்கிலாந்தில் ஒரே பெயரோடு சந்தித்துக்கொண்டார்கள் என்று சொல்லலாம். ஆனால் ஷேக்ஸ்பியர் காலத்தில் எழுதியவர்களுக்கு இந்தப் பழங்கதை தெரிந்திருக்கத் தேவையில்லை. அவர்களுக்கு அவை இரண்டு வேலை செய்யும் இரண்டு சொற்கள்.

#8 நாசரேத்துக்காரன்

இந்த இழையை இன்றுதான் பார்த்தேன். 1611-ல் வெளியான ஜேம்ஸ் அரசர் ஆங்கில வேதாகமத்தை விட்டுவிட்டு இந்தச் சொல்லைப் பேச முடியாது. எத்தனையோ பேர் தடுமாறி விழுந்த இடம் அங்கேதான் இருக்கிறது.

இரண்டாம் தெசலோனிக்கேயர் 2:7. "ஒன்லி ஹீ ஹூ நௌ லெட்டத் வில் லெட், அன்டில் ஹீ பி டேக்கன் அவுட் ஆஃப் த வே." இன்றைய ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர் படித்தால், அக்கிரமத்துக்கு இப்போது ஒருவர் இடம் கொடுத்துக்கொண்டிருக்கிறார், இனியும் கொடுப்பார் என்று புரிந்துகொள்வார். பவுல் எழுதியது அதற்கு நேர் எதிர். மூலத்தில் இருக்கும் கிரேக்க வினைக்குப் பொருள் பிடித்து நிறுத்துதல், அடக்கி வைத்தல். நம் தமிழ் வேதாகமத்தில் "தடைசெய்கிறவன்" என்று ஐயத்துக்கு இடமில்லாமல் இருக்கிறது.

இன்னும் இரண்டு இடங்கள். ரோமர் 1:13-ல் பவுல் உங்களிடம் வரப் பலமுறை நினைத்தேன் என்று சொல்லிவிட்டு "பட் வாஸ் லெட் ஹிதர்டூ" என்கிறார். தமிழில் "இதுவரைக்கும் எனக்குத் தடையுண்டாயிற்று". ஏசாயா 43:13-ல் "ஐ வில் வர்க், அண்ட் ஹூ ஷல் லெட் இட்?" தமிழில் "நான் செய்கிறதைத் தடுப்பவன் யார்?"

தமிழ் வாசகருக்கு இந்தக் குழப்பமே வராததற்கு ஒரு காரணம் உண்டு. நம் மொழிபெயர்ப்பு மரபு ஆங்கிலத்தின் வழியாகத் தொடங்கவில்லை. தரங்கம்பாடியில் சீகன்பால்கு 1714–15-ல் புதிய ஏற்பாட்டை அச்சிட்டபோது அவர் கையில் இருந்தது கிரேக்க மூலம். அவர் ஜெர்மானியர். ரைன்_நதி சொன்னபடி அவருடைய தாய்மொழியில் அந்த இரண்டு வினைகளும் கலக்கவில்லை!

ஆனால் எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்த இடம் யாத்திராகமம் ஐந்தாம் அதிகாரம். முதல் வசனத்தில் மோசேயும் ஆரோனும் பார்வோனிடம் கர்த்தரின் வார்த்தையைச் சொல்கிறார்கள்: "லெட் மை பீப்பிள் கோ." உலகம் முழுக்கத் தெரிந்த வாக்கியம். அதிலிருந்து மூன்றே வசனம் தள்ளி, நான்காம் வசனத்தில் பார்வோன் திருப்பிக் கேட்கிறான்: "வேர்ஃபோர் டூ யீ, மோசஸ் அண்ட் ஏரன், லெட் த பீப்பிள் ஃப்ரம் தேர் வர்க்ஸ்?" ஜனங்கள் வேலை செய்யவிடாமல் நீங்கள் ஏன் தடுக்கிறீர்கள் என்று.

முதல் வசனத்து 'லெட்' விடுதலை. நான்காம் வசனத்து 'லெட்' தடை. ஒரே பக்கத்தில், ஒரே மூன்றெழுத்து, எதிரும் புதிருமாக நிற்கிறது. மொழிபெயர்த்த அறிஞர்களுக்கு அது கொஞ்சமும் உறுத்தவில்லை.

#9 முதுகலை_வாசகி

நாசரேத்துக்காரன் ஐயா, யாத்திராகமம் காட்டியதற்கு மிக்க நன்றி. இதைப் படித்ததும் என் கடைசிக் கேள்வி இன்னும் கூர்மையாகிவிட்டது. 1611-ல் அந்தப் பக்கத்தைக் கோயிலில் வாசிக்கக் கேட்ட சாதாரண மனிதர், முதல் வசனத்தில் ஒரு பொருளும் நான்காம் வசனத்தில் வேறு பொருளும் எப்படி எடுத்துக்கொண்டார்? காதில் விழுவது ஒரே ஒலிதானே?

#10 மரபுச்சொல்

ஒலி ஒன்று. அமைப்பு வேறு. இந்த இழையில் ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வதானால் இதை வைத்துக்கொள்ளுங்கள்.

'அனுமதி' என்னும் லெட் தனியாக நிற்காது. யாரை என்று சொன்ன பிறகு, என்ன செய்ய என்று இன்னொரு வினையை இழுத்துக்கொண்டுதான் வரும். 'லெட் மை பீப்பிள் கோ'. 'மை பீப்பிள்' யாரை. 'கோ' என்ன செய்ய. 'லெட் மீ சீ', 'லெட் அஸ் பிரே' எல்லாம் இதே அச்சு.

'தடு' என்னும் லெட் அந்த இரண்டாவது வினையை ஏற்காது. யாரை என்பதோடு நின்றுவிடும். எதிலிருந்து என்று சொல்ல வேண்டுமானால் 'ஃப்ரம்' போட்டு ஒரு பெயர்ச்சொல் வரும். 'லெட் த பீப்பிள் ஃப்ரம் தேர் வர்க்ஸ்'. 'கோ' இருந்த இடத்தில் 'ஃப்ரம்' வந்ததுமே 1611-ன் காது திரும்பிக்கொள்ளும். 'ஹூ ஷல் லெட் இட்' என்பதிலும் 'இட்' என்பதோடு வாக்கியம் முடிந்துவிட்டது. 'வாஸ் லெட் ஹிதர்டூ' என்று செயப்பாட்டில் வந்து, பின்னால் வினை எதுவும் இல்லாமல் நின்றால் அதுவும் தடைதான்.

ஹாம்லெட் வரி உங்களை ஏன் ஏமாற்றியது தெரியுமா? அனுமதி 'லெட்'டில் அந்த இரண்டாவது வினையைச் சில சமயம் தொக்க விடுவோம். 'நான் போகக் கேட்டேன், ஹீ டிட் நாட் லெட் மீ' என்கிற மாதிரி. அதனால் 'தட் லெட்ஸ் மீ' என்று கேட்டதும் மனம் தானாக ஒரு 'போக'வைச் சேர்த்துக்கொள்கிறது. அமைப்பு மட்டும் போதாத இடம் அது. அங்கே மேடை கைகொடுக்கிறது. இரண்டு பேர் அவனைக் கட்டிப் பிடித்திருப்பதைப் பார்வையாளர் கண்ணால் பார்க்கிறார். 'அன்ஹேண்ட் மீ' இப்போதுதான் காதில் விழுந்தது. வேறு பொருள் எடுக்க யாருக்கும் தோன்றியிருக்காது.

#11 மட்டைக்காரி

நான் இலக்கியம் படித்தவள் இல்லை, ஸ்குவாஷ் ஆடுகிறவள். தலைப்பைப் பார்த்து உள்ளே வந்தேன். நாங்கள் தினமும் வாயில் போட்டு மெல்லும் சொல் இது!

டென்னிஸில் சர்வீஸ் வலையில் உரசி, சரியான கட்டத்துக்குள் விழுந்தால் 'லெட்' என்று அறிவித்துத் திரும்பப் போடச் சொல்வார்கள். மேசைப் பந்திலும் அப்படியே. வலையில் படுவதால் அது 'நெட்' என்று நினைத்துக்கொண்டு 'நெட், நெட்' என்று கூவும் பிள்ளைகளை நிறையப் பார்த்திருக்கிறேன். பக்கத்து ஆடுகளத்துப் பந்து உருண்டு வந்தாலும் 'லெட்'தான். அங்கே வலைக்கு என்ன வேலை? ஆட்டத்துக்குத் தடை வந்தது, அதனால் அந்தப் புள்ளி திரும்ப ஆடப்படுகிறது, அவ்வளவுதான்.

ஸ்குவாஷில் வலையே கிடையாது. நான்கு சுவருக்குள் இரண்டு பேரும் ஒரே தரையில் ஓடுகிறோம். பந்தை எடுக்கப் போகும் வழியில் எதிராளி நின்றால் ஆட்டத்தை நிறுத்தி 'லெட், ப்ளீஸ்' என்று நடுவரிடம் கேட்போம். அவர் மூன்றில் ஒன்று சொல்வார். 'யெஸ் லெட்' என்றால் தடை இருந்தது, திரும்ப ஆடு. 'நோ லெட்' என்றால் தடை இல்லை அல்லது அந்தப் பந்தை நீ எடுத்திருக்கவே முடியாது, புள்ளி உனக்கில்லை. 'ஸ்ட்ரோக்' என்றால் தடை அவ்வளவு பெரிது, புள்ளி உனக்கே.

'நோ லெட்' என்பதை 'அனுமதி இல்லை' என்று பொருள் கொண்டாலும் அந்த இடத்துக்குப் பொருந்திவிடுவதால் யாரும் யோசிப்பதில்லை. நடுவர் உண்மையில் சொல்வது 'தடை இல்லை'. ஜோஷ்னா சின்னப்பா, தீபிகா பள்ளிக்கல் ஆட்டங்களைச் சென்னையில் பார்த்தவர்கள் இந்தச் சொல்லை ஒரே ஆட்டத்தில் எத்தனையோ தடவை கேட்டிருப்பார்கள். ஹாம்லெட்டின் சொல் அந்தக் கண்ணாடி அறைக்குள் அதே பொருளில் உயிரோடு இருக்கிறது என்பது எனக்கு இன்றைக்குத் தெரிந்தது. மனசு நிறைந்துவிட்டது.

#12 முதுகலை_வாசகி

மட்டைக்காரி அக்கா, அருமை! 'நெட்' என்றுதான் நானும் கேள்விப்பட்டிருந்தேன்.

#13 பத்திர_மேசை

ஆவணம் எழுதும் தொழிலில் இருப்பவன் என்ற முறையில் என் பங்கு.

உங்கள் இந்தியக் கடவுச்சீட்டை எடுத்துக் குடியரசுத் தலைவர் பெயரால் வேண்டிக்கொள்ளும் வாசகத்தைப் படியுங்கள். இதை வைத்திருப்பவர் "வித்தவுட் லெட் ஆர் ஹிண்ட்ரன்ஸ்" தாராளமாகச் செல்ல அனுமதிக்கும்படி கேட்கிறது. இந்தியில் 'பினா ரோக்-டோக்' என்று போட்டிருக்கிறார்கள். அங்கே இருப்பது ஹாம்லெட்டின் 'லெட்'தான். 'அனுமதி இல்லாமல்' என்று பொருள் கொண்டால் கடவுச்சீட்டின் நோக்கமே கவிழ்ந்துவிடும்.

ஆங்கிலத்தில் எழுதும் கிரயப் பத்திரத்திலும் இது வரும். வாங்கியவர் சொத்தை அமைதியாக அனுபவிக்கலாம், விற்றவராலோ அவர் வழி உரிமை கோருபவராலோ "வித்தவுட் எனி லெட், ஹிண்ட்ரன்ஸ், இண்டரப்ஷன், க்ளெய்ம் ஆர் டிமாண்ட்" என்று அடுக்கிக்கொண்டு போவார்கள். தமிழ்ப் பத்திரத்தில் நாங்கள் "யாதொரு ஆட்சேபணையும் இன்றி சர்வ சுதந்திர பாத்தியத்துடன் ஆண்டனுபவித்துக்கொள்ள வேண்டியது" என்று எழுதுவோம்.

குத்தகைப் பத்திரத்தில் ஒரு வேடிக்கை. முதல் பத்தியில் உரிமையாளர் கட்டடத்தை 'லெட்' செய்கிறார், அதாவது வாடகைக்கு விடுகிறார். பின்னால் வரும் பத்தியில் வாடகைதாரர் எந்த 'லெட்'டும் இல்லாமல் அனுபவிப்பார் என்று இருக்கும். நாசரேத்துக்காரன் காட்டிய யாத்திராகமம் ஐந்தாம் அதிகாரம் எங்கள் மேசையில் முத்திரைத்தாளில் கிடக்கிறது.

சட்ட ஆங்கிலத்தில் சொற்கள் ஏன் இப்படி இரட்டை இரட்டையாக வருகின்றன என்பதற்கு எங்கள் மூத்தவர் ஒரு காரணம் சொல்வார். நார்மன் ஆட்சியில் மேல்தட்டில் பிரெஞ்சு, கீழே ஆங்கிலம். இரண்டு தரப்புக்கும் புரிவதற்காக இரண்டு மொழியிலிருந்தும் ஒவ்வொரு சொல். 'வில் அண்ட் டெஸ்டமெண்ட்' மாதிரி.

#14 மரபுச்சொல்

பத்திர_மேசை, அந்தக் காரணம் பல இணைகளுக்குப் பொருந்தும். 'வில்' ஆங்கிலம், 'டெஸ்டமெண்ட்' லத்தீன். 'லெட் ஆர் ஹிண்ட்ரன்ஸ்' இணைக்குப் பொருந்தாது. 'ஹிண்டர்' என்ற வினையும் பழைய ஆங்கிலத்திலேயே இருந்த சொந்தச் சொல். 'ஹிண்ட்ரன்ஸ்' என்பதன் வால் மட்டும் பிரெஞ்சிலிருந்து வந்த விகுதி. ஆக, இது இரு மொழிக்காரருக்குப் புரிய வைப்பதற்காகச் சேர்த்த இணை அல்ல.

அப்படியானால் ஏன் சேர்த்தார்கள்? அழுத்தத்துக்காகவும் ஓசைக்காகவும் என்பது என் எண்ணம். நாம் வில்லங்கம் விவகாரம், தட்டுத் தடங்கல் என்கிறோமே, அது போல. சட்டத்தில் மட்டும் இல்லை, வழிபாட்டிலும் இந்த இணை உண்டு. இங்கிலாந்துத் திருச்சபையின் 1662-ம் ஆண்டுப் பொது ஜெப நூலில், திருவருகைக் காலத்தின் நான்காம் ஞாயிறு ஜெபத்தில், நம் பாவங்களால் "வீ ஆர் சோர் லெட் அண்ட் ஹிண்டர்ட்" என்று வருகிறது. நமக்கு முன் வைக்கப்பட்ட ஓட்டத்தில் ஓடவிடாமல் மிகவும் தடைபட்டிருக்கிறோம் என்று.

இன்னொரு பயனும் விளைந்தது. பக்கத்திலேயே 'ஹிண்டர்' நின்று பொருள் சொல்லிக்கொண்டிருந்ததால், 'லெட்' தனியாகப் புரியாமல் போன பிறகும் இந்தத் தொடரில் மட்டும் சாகாமல் இருந்துவிட்டது.

#15 ரைன்_நதி

ஒரு சிறு சேர்க்கை. அமெரிக்கக் கடவுச்சீட்டில் இதே இடத்தில் 'வித்தவுட் டிலே ஆர் ஹிண்ட்ரன்ஸ்' எண்டு இருக்கு. கனடாவிலும் 'டிலே'தான். பழைய சொல்லைத் தூக்கிப்போட்டு 'தாமதம்' எண்டு வைத்திருக்கினம். 'லெட்டன்' பிறந்ததே 'தாமதப்படுத்து' எண்ட பொருளில்தானே? சொல் மாறினாலும் பொருள் பிறந்த வீட்டுக்கே போய்ச் சேர்ந்திருக்கு.

#16 கரிசல்காட்டான்

சரி, எல்லோரும் அது எப்படி வாழ்ந்தது என்று பேசுகிறோம். ஏன் செத்தது? எனக்குத் தோன்றுவது எளிது. எதிரெதிர்ப் பொருள் ஒரே ஒலியில் இருந்தால் மக்கள் குழம்புவார்கள், ஒன்றைக் கைவிடுவார்கள். இதற்கு மேல் காரணம் தேட வேண்டுமா?

#17 மரபுச்சொல்

நீங்கள் சொல்வதை ஒரு கொள்கையாகவே வகுத்தவர் இருக்கிறார். ஜூல் ஜில்லியெரோன், பிரான்சின் வட்டார வழக்குகளுக்கு நிலப்படத் தொகுதி (1902–1910) தயாரித்தவர். தென்மேற்கே காஸ்கனிப் பகுதியில் லத்தீனின் 'சேவல்' சொல்லும் 'பூனை' சொல்லும் ஒலி மாறி மாறி இரண்டும் 'கட்' என்று ஆகவேண்டிய நிலை. சேவலைப் பூனை தூக்கிப்போகும் ஊரில் இரண்டுக்கும் ஒரே பெயர் வைத்துக்கொண்டு பிழைக்க முடியுமா? அங்கெல்லாம் மக்கள் சேவலின் பழைய பெயரைக் கைவிட்டு, ஃபெசன்ட் என்னும் காட்டுப் பறவையின் பெயர் முதலான வேறு சொற்களுக்குப் போய்விட்டதை அவர் படத்தில் காட்டினார். ஒலி மோதினால் ஒன்று விலகும் என்பது அவர் முடிவு.

'லெட்'டுக்கு இதை அப்படியே வைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. சேவலும் பூனையும் ஒரே வாக்கியத்தில் ஒரே இடத்தில் வரக்கூடியவை. இரண்டு 'லெட்'டும் அப்படி அல்ல என்று மேலே பார்த்தோம். ஒலி ஒன்றான பிறகும் அவை தலைமுறை தலைமுறையாக ஒன்றாகக் குடியிருந்தன. யாத்திராகமத்தில் மூன்று வசன இடைவெளியில் இருக்கின்றன. குழப்பம் மட்டுமே கொன்றது என்றால் இவ்வளவு காலம் எடுத்திருக்காது.

அந்த வேலையைச் செய்ய வேறு ஆட்கள் வந்துவிட்டார்கள் என்பதும் காரணம். 'ஹிண்டர்' முன்பே இருந்தது. லத்தீன் வழியில் 'இம்பீட்', 'அப்ஸ்ட்ரக்ட்' வந்தன. முக்கியமானது 'ப்ரிவென்ட்'. 1611 வேதாகமத்தில் முதலாம் தெசலோனிக்கேயர் 4:15-ல் உயிரோடிருப்பவர்கள் மரித்தவர்களை 'ப்ரிவென்ட்' செய்யமாட்டார்கள் என்று வருகிறது. அங்கே அதற்குத் தடுத்தல் என்று பொருள் இல்லை. முந்திக்கொள்ளுதல், முன்னே போதல். லத்தீன் வேரின் நேர்ப் பொருள் அதுதான். முன்னே போய் நிற்பவன் வழியை மறிப்பவனும் ஆகிறான். 16-ம் நூற்றாண்டிலேயே எட்டிப் பார்த்த அந்தப் பொருள், பிற்பாடு முழுதாகச் சொல்லைப் பிடித்துக்கொண்டது. 'லெட்' இருந்த நாற்காலியில் இன்று பெரும்பாலும் 'ப்ரிவென்ட்' உட்கார்ந்திருக்கிறது.

#18 நாசரேத்துக்காரன்

ஐயா, அதே வேதாகமத்தில் அனுமதிப்பதற்கு 'சஃபர்' என்ற சொல்லும் வரும். "சஃபர் லிட்டில் சில்ட்ரன்" என்று மத்தேயு 19:14. சிறு பிள்ளைகள் வருவதற்கு இடங்கொடுங்கள் என்பது அது. இன்று 'சஃபர்' என்றால் துன்பம் மட்டும்தான் நினைவுக்கு வருகிறது.

கரிசல்காட்டானின் கேள்விக்கு ஒரு கூடுதல் சான்று. 1881-ல் புதிய ஏற்பாட்டைத் திருத்தி வெளியிட்டபோது தெசலோனிக்கேயரில் 'லெட்டத்' என்பதை எடுத்துவிட்டு 'ரிஸ்ட்ரெய்னத்' என்று போட்டார்கள். ரோமரில் 'ஹிண்டர்ட்'. அந்தக் காலத்துக்குள் சாதாரண வாசகருக்குப் பழைய 'லெட்' புரியாமல் போய்விட்டது என்பதைத் திருத்தியவர்களே ஒப்புக்கொண்டதாகத்தான் நான் எடுத்துக்கொள்கிறேன். இன்றும் 1611 பதிப்பை மட்டுமே வைத்துப் பிரசங்கம் செய்கிறவர்கள் இந்த ஒரு வசனத்துக்காவது அகராதியைத் திறக்க வேண்டும். ஆத்துமாக்களுக்குப் பொருளைத் தலைகீழாகப் போதிக்கக் கூடாது.

#19 கரிசல்காட்டான்

மரபுச்சொல் ஐயா, ஒலி மோதலும் போட்டிச் சொற்களும் சேர்ந்தே கொன்றன என்று வைத்துக்கொள்கிறேன். மோதலை முழுதாகத் தள்ள எனக்கு இன்னும் மனம் வரவில்லை. ஹாம்லெட் வரியே சாட்சி. அமைப்பு உதவாத இடமும் இருந்தது என்று நீங்களே சொன்னீர்கள்.

தமிழிலும் இப்படி ஒரு தொடரில் மட்டும் ஒட்டிக்கொண்டு பிழைத்த வினை ஒன்று நினைவுக்கு வந்தது. 'பேசவொட்டாமல்', 'தூங்கவொட்டாமல்', 'உள்ளே வரவொட்டாமல் தடுத்தான்' என்கிறோம். இதில் இருக்கும் 'ஒட்டு' பசை போட்டு ஒட்டுவது இல்லை. உடன்படு, இசை, இடங்கொடு என்ற பழைய பொருள். குறளில் 967-ல் 'ஒட்டார்' என்று வருவதும் இந்த வழிதான், உடன்படாதவர். இன்றைக்கு 'அவனை உள்ளே வர ஒட்டினேன்' என்று யாராவது சொல்வார்களா? எதிர்மறையில் மட்டும் நிற்கிறது. உடன்பாட்டில் அனுமதிக்கிற வினை, எதிர்மறையில் மட்டும் பிழைத்ததால் நமக்கு அது தடுக்கிற சொல்லாகவே பழகிவிட்டது.

#20 மரபுச்சொல்

கரிசல்காட்டான், இது பிரமாதமான எடுத்துக்காட்டு. 'வித்தவுட்' என்ற எதிர்மறைக்குப் பின்னால் ஒளிந்து 'லெட்' பிழைத்ததும், 'ஆமல்' என்ற எதிர்மறைக்குள் 'ஒட்டு' பிழைத்ததும் ஒரே வகை. மோதல் பற்றிய உங்கள் கட்சியையும் நான் முற்றாக மறுக்கவில்லை. எவ்வளவு பங்கு என்பதில்தான் வேறுபடுகிறோம்.

#21 முதுகலை_வாசகி

எல்லோருக்கும் நெஞ்சார்ந்த நன்றி. இதைப் படித்தபின் ஷேக்ஸ்பியரில் தேடி இரண்டு இடங்கள் எடுத்தேன். சரியாகப் படிக்கிறேனா என்று பாருங்கள்.

'டூ ஜென்டில்மென் ஆஃப் வெரோனா', மூன்றாம் அங்கம் முதல் காட்சி. பெண்ணைப் பூட்டி வைத்திருக்கிறார்கள், இரவில் யாரும் அவளிடம் போக முடியாது என்று கோமகன் சொல்ல, வாலண்டைன் கேட்கிறான்: "வாட் லெட்ஸ் பட் ஒன் மே என்டர் அட் ஹெர் விண்டோ?" ஜன்னல் வழியாக நுழைய என்ன தடை என்று எடுத்துக்கொண்டேன். 'லெட்ஸ்' பின்னால் யாரை என்றுகூட இல்லை.

ஐந்தாம் ஹென்றி, கடைசி அங்கம் இரண்டாம் காட்சி. இரு நாட்டு அரசர்கள் முன்னால் பர்கண்டிக் கோமகன் பேசுகிறார்: "தட் ஐ மே நோ த லெட், வை ஜென்டில் பீஸ்..." என்று போகிறது. இங்கே இது வினையே இல்லையே?

இன்னொன்று. நம் ஊர் வாசல்களில் தொங்கும் 'டு லெட்' பலகை எந்த லெட்? மருத்துவத்தில் இரத்தத்தை வெளியேற்றும் பழைய 'பிளட்-லெட்டிங்' எந்தப் பக்கம்?

#22 மரபுச்சொல்

வாலண்டைன் வரி சரி. 'என்ன தடுக்கிறது' என்று முடிந்துவிட்டது, யாரை என்று சொல்ல அவசியம் இல்லை. அந்தக் காட்சியில் கோமகன் அறிவுரை கேட்பதுபோல் நடித்து அவன் வாயிலிருந்தே திட்டத்தைக் கறக்கிறார். அதனால் அவன் 'என்ன தடை' என்று அத்தனை உற்சாகமாகச் சொல்வதைக் கவனித்துப் படியுங்கள்.

ஹென்றி வரியில் அது பெயர்ச்சொல். 'த லெட்', அந்தத் தடை. மென்மையான சமாதானம் இந்தக் கேடுகளை விரட்டிவிடாமல் தடுப்பது எது, அதை நான் அறியலாமா என்கிறார். முன்னால் 'த' வந்தால் அது தடைதான். அனுமதி 'லெட்' ஷேக்ஸ்பியரில் 'த லெட்' என்று பெயராக நிற்பதில்லை. கடவுச்சீட்டில் இருப்பதும் மட்டைக்காரி ஆடுகளத்தில் கேட்பதும் இந்தப் பெயர்ச்சொல்தான்.

'டு லெட்' பலகையும் 'பிளட்-லெட்டிங்'கும் மற்ற 'லெட்', விடுகிற 'லெட்'. வீட்டை வாடகைக்கு விடுதல், இரத்தத்தை வெளியே விடுதல். 'அவுட்லெட்', 'இன்லெட்' இரண்டும் அந்தப் பக்கமே.

#23 மட்டைக்காரி

அப்படியானால் எங்கள் பயிற்சி அரங்கத்து வாசலில் 'டு லெட்' என்று தொங்குவதும், உள்ளே நடுவர் 'யெஸ் லெட்' என்பதும் வேறு வேறு சொல். பிள்ளைகளிடம் நாளைக்கே சொல்கிறேன்.